ரீனியின் க்ளோசப்

வான் நைஸ், கலிஃபோர்னியா
28 மார்ச் 1969

அன்புள்ள ரீனிக்கு,

நலம். நீ, மிலோ, பிள்ளைகள் மூவரும் நலமாயிருக்க வேண்டுகிறேன். உன் கடிதமும் நீ அனுப்பிய பிளம் பழம் வைத்த பன்னும் ஒரே நாளில் வந்து சேர்ந்தன. நெப்ராஸ்காவிலிருந்து இங்கே வருவதற்குள் பன்னில் பாதி நொறுங்கிவிட்டது. நொறுங்கியதை ஸ்பூனால் எடுத்துச் சாப்பிட்டேன். என் பாவாடையின் இடுப்பளவு பற்றி நாம் இருவரும் பேச வேண்டாம்.

வேலை எப்படிப் போகிறது என்று கேட்டிருந்தாய். போன மாதம் ஒரு தலைவலி மாத்திரை விளம்பரம். நான் நெற்றியில் கை வைத்து முகத்தைச் சுளிக்க வேண்டும். மாத்திரை போட்ட பிறகு சிரிக்கிற முகம் வேறொருத்தியுடையது. என்னைவிடப் பதினைந்து வயது சின்னவள். அவ்வளவு நல்ல மாத்திரை. அதற்கு முன்னால் ஒரு வக்கீல் தொடரில் நீதிபதி வீட்டு வேலைக்காரி. கதவைத் திறந்து, 'ஐயா தூங்குறாரு' என்று சொல்லிக் கதவைச் சாத்தினேன். நாற்பத்து மூன்று வயதில் இவ்வளவுதான் திறக்கிறது.

சனிக்கிழமை காய்கறிக் கடையில் ஒரு அம்மாள் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். கிட்டே வந்து, 'உங்கள எங்கயோ பாத்திருக்கேனே. எங்க சர்ச்சுல பியானோ வாசிப்பீங்கல்ல?' என்றாள். 'இல்லீங்க, முன்னாடி டிவியில காபி ஊத்திக்கிட்டிருந்தேன்' என்றேன். 'ஓ, அப்படியா' என்று முட்டைக்கோஸைத் தூக்கிக்கொண்டு போய்விட்டாள். அறுபத்தோரு எபிசோடில், ஹோட்டல்காரி மிஸ் ஆபியாக, வந்த ஷெரிஃபுக்கும் திருடனுக்கும் ஒரே மாதிரி காபி ஊற்றியவளுக்கு இதுதான் மரியாதை.

சரி, உன் செய்திக்கு வருகிறேன். உங்கள் பக்கத்து டிவி நிலையம் நம்முடைய பழைய கௌபாய் குதிரைத் தொடரை வாங்கி வியாழன்தோறும் மாலை நான்கு மணிக்குப் போடுகிறது, ஏப்ரல் 24 அன்று நாம் இருவரும் அக்கா தங்கையாக வந்த எபிசோட் வருகிறது என்று எழுதியிருந்தாய். உன் அப்பாவுக்கு உடம்பு முடியாமல் நீ ஊருக்குப் போன அந்தக் குளிர்காலத்தில்தான் அது முதலில் ஒளிபரப்பானது. உங்கள் பண்ணை வீட்டில் அப்போது டிவியே இல்லை. 'பதினோரு வருஷமா என் க்ளோசப்ப நானே பாத்ததில்ல டெல்லா. இப்ப ஊரோட சேந்து பாக்கப் போறேன்' என்று எழுதியிருக்கிறாய். அந்த வரியின் கீழே இரண்டு கோடு வேறு போட்டிருக்கிறாய்.

ரீனி, அந்த எபிசோட் அவ்வளவு நன்றாக வரவில்லை. வெளிச்சம் சரியில்லை. எனக்கு வைத்திருந்த கொண்டை ஒரு பக்கமாகச் சரிந்திருக்கும். ஊரையெல்லாம் கூப்பிட்டுக் காட்டும்படி அதில் ஒன்றும் இல்லை. நீயும் மிலோவும் மட்டும் வீட்டில் உட்கார்ந்து பாருங்கள். அன்றைக்கு உங்கள் தீவனக் கடையில் வேலை இருந்தால் அதையும் விட்டுவிடலாம். பழைய நடிப்பைப் பார்த்தால் நமக்கே வெட்கமாக இருக்கும், என் அனுபவத்தில் சொல்கிறேன். பிள்ளைகளுக்கு என் முத்தம்.

என்றும் உன்
டெல்லா

*

வான் நைஸ்
9 ஏப்ரல் 1969

அன்புள்ள ரீனிக்கு,

உன் பதில் நேற்று வந்தது. வேண்டாம் என்று நான் சொன்னதை அடக்கம் என்று எடுத்துக்கொண்டு நீ பெரிதாக்கிவிட்டாய். சர்ச்சின் கீழ்த்தளக் கூடம், நாற்பது நாற்காலி, மரச்சாமான் கடைக்காரர் இரவல் தருகிற பெரிய கலர் டிவி. கறுப்பு வெள்ளைப் படத்துக்குக் கலர் டிவி எதற்கு என்று நீ கேட்டதற்கு அவர், 'பொட்டி பெருசு, அது போதாதா' என்றாராமே. மிலோ கடை வாசலில், 'நம்ம ஊருக்கு இருக்கறதே ஒரு நடிகை, அவளும் கோழித் தீவனம் விக்கிறா' என்று போவோர் வருவோரிடமெல்லாம் சொல்லிக்கொண்டிருப்பதையும் எழுதியிருக்கிறாய். படித்துச் சிரித்தேன். பிறகு எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை.

உன்னிடம் ஒன்று சொல்ல வேண்டும். பதினோரு வருஷத்துக்கு முன்னால் சொல்லியிருக்க வேண்டும். அந்த எபிசோடில் உன் க்ளோசப் கிடையாது.

சமையலறைக் காட்சியில், உன் புருஷன் சுடப்பட்டுச் செத்துப்போனான் என்று அக்காவாகிய நான் உனக்குச் சொல்கிறேன் அல்லவா, அங்கே தூரத்திலிருந்து எடுத்ததில் உன் முதுகும் பின்னலும் தெரியும். பிறகு காட்சி முடியும்வரை என் முகம்தான். உன் குரல் மட்டும் கேட்கும். படச்சுருளை வெட்டி ஒட்டுகிற அறையில் அப்படிச் செய்துவிட்டார்கள். இந்த ஊரில் அது எத்தனை பேருக்கு நடந்திருக்கிறது என்று உனக்கே தெரியும். நேரம் போதவில்லை, நீளம் கூடிவிட்டது என்று ஏதாவது காரணம் இருந்திருக்கும். நான் அன்றைக்கே டிவியில் பார்த்தேன். உன் அப்பா படுக்கையில் இருந்தார், உனக்கு எழுத மனம் வரவில்லை. அப்புறம் உனக்குக் கல்யாணம், அப்புறம் குழந்தை. தள்ளித் தள்ளிப் போட்டேன்.

நாற்பது பேர் முன்னால் உட்கார்ந்து உன் முகம் வரும் வரும் என்று நீ காத்திருப்பதை என்னால் நினைத்துப் பார்க்க முடியவில்லை. தயவுசெய்து நிறுத்திவிடு. டிவி நிலையத்தார் மாற்றிவிட்டார்கள், தேதி தெரியவில்லை என்று ஏதாவது சொல். பொய் சொல்ல உனக்கு வராது என்றால் மிலோவைச் சொல்லச் சொல்.

என்றும் உன்
டெல்லா

*

வான் நைஸ்
19 ஏப்ரல் 1969, சனிக்கிழமை

ரீனி,

இதை அவசரத் தபாலில் அனுப்புகிறேன். செவ்வாய்க்கிழமை உன் கையில் இருக்கும் என்று தபால் ஆபீஸ்காரர் சொன்னார். போனில் சொல்லலாம் என்று இரண்டு தரம் எடுத்தேன். உங்கள் ஊரில் நான்கு வீட்டுக்கு ஒரே போன் கம்பி, எடுத்தால் எல்லோரும் காது வைத்துக் கேட்பார்கள் என்று நீ சொன்னது ஞாபகம் வந்து வைத்துவிட்டேன். உண்மையைச் சொன்னால், அவர்கள் இல்லாவிட்டாலும் வைத்திருப்பேன்.

உன் கடிதம் வியாழக்கிழமை வந்தது. நீ என்னைத் திட்டியிருப்பாய் என்று நினைத்துத்தான் பிரித்தேன். நீ எழுதியிருந்ததை அப்படியே திருப்பி எழுதுகிறேன், நான் எதைப் படித்தேன் என்று உனக்குத் தெரிய வேண்டும். 'வெட்டுனா வெட்டிட்டுப் போறாங்க. ரெண்டு நாள் அழுதேன். மூணாம் நாள் மிலோ, "பதினோரு வருஷமா நான் உன் முதுகத்தான பாத்துக்கிட்டுப் படுத்திருக்கேன், நல்ல முதுகுதான்"னாரு. சிரிச்சிட்டேன். படத்த நிறுத்த மாட்டேன். ஃபாதர் நோவாக் படத்துக்கு முன்னாடி என்னை அஞ்சு நிமிஷம் பேசச் சொல்லியிருக்காரு. மூஞ்சி போனாப் போவுது. ஹீரோ தன் வேல முடிஞ்சதும் கெளம்பிட்டான். எல்லாரும் கெளம்பிட்டாங்க. நீ ஒருத்திதான்டி என் க்ளோசப்புக்காக ஏழு மணி வரைக்கும் கேமரா பக்கத்துல உக்காந்து எதிர் வசனம் குடுத்த. அத யாரும் வெட்ட முடியாதுல்ல. அதத்தான் நான் எந்திரிச்சு நின்னு சொல்லப் போறேன்.'

ரீனி, அதைச் சொல்லாதே.

அன்றைக்கு நடந்ததை உனக்கே நான் சொல்வது வேடிக்கைதான். ஆனால் நீ பார்த்தது உன் நாற்காலியிலிருந்து. என் நாற்காலியிலிருந்து எப்படி இருந்தது என்று இப்போது சொல்கிறேன்.

முந்தின நாள் மதியம் சாப்பாட்டு வரிசையில் தயாரிப்பாளரின் காரியதரிசி மிஸ் ஓல்ட்ஹாம் என் பின்னால் நின்றாள். குரலைத் தாழ்த்தி, 'உங்க ரெண்டு பேர்ல ஒருத்திய தொடர்ல நிரந்தரமா வெச்சுக்கப் போறாங்க. நாளைக்கு எடுக்கிற சமையலறை சீனப் பாத்துட்டுதான் முடிவு. இப்போதைக்கு அவருக்கு அந்தச் சின்னப் பொண்ணுதான் மனசுல இருக்கா. நான் சொன்னேன்னு காட்டிக்காதீங்க' என்றாள். சின்னப் பெண் என்றால் நீ. உனக்கு இருபத்தைந்து, எனக்கு முப்பத்தொன்று. அன்று மாலை ஒரே காரில் வீட்டுக்கு வந்தோம். ஒரே அடுப்பில் சமைத்தோம். வசனத்தை ஒருவருக்கொருவர் சொல்லிப் பார்த்தோம். நான் காட்டிக்கொள்ளவில்லை.

மறுநாள் மூன்று மணிக்கு முதலில் என் க்ளோசப். நீ லென்ஸை ஒட்டிப் போட்ட மரப்பெட்டியில் உட்கார்ந்து எனக்கு எதிர் வசனம் கொடுத்தாய். அந்த ஷாட்டில் முகம் வராதவள் தன் அழுகையை மிச்சம் பிடித்துக்கொள்வாள், அதுதான் வழக்கம். மேக்கப் போடுகிற அம்மாள்கூட, 'கண்ணீர இப்பவே கொட்டிடாத கண்ணு, உன் முறைக்கு வெச்சுக்கோ' என்றாள். நீ வைத்துக்கொள்ளவில்லை. கேமரா உன்னைப் பார்க்கவே இல்லை, ஆனாலும் ஒவ்வொரு டேக்கிலும் நிஜமாகவே அழுதாய். உன் மூக்கு சிவந்து ஒழுகியது. உன்னைப் பார்த்து என் கண்ணும் நிறைந்தது. 'அவன் வர மாட்டான்' என்று நான் சொல்ல வேண்டிய இடத்தில் வாய் திறக்க முடியாமல் நின்றேன். டைரக்டருக்கு அந்த நிற்பு ரொம்பப் பிடித்துவிட்டது.

உன் முறை வரும்போது மணி ஆறரை. ஏழு அடித்தால் எல்லோருக்கும் கூடுதல் சம்பளம் கொடுக்க வேண்டும் என்று டைரக்டர் கடிகாரத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். என்னைப் போகச் சொன்னார்கள். ஸ்கிரிப்ட் எழுதி வைக்கிற அம்மாள் எனக்குப் பதிலாக வசனம் படித்துவிடுவாள் என்றார்கள். 'இல்ல, ரீனிக்கு நான்தான் குடுப்பேன்' என்றேன். நீ என் கையைப் பிடித்து அழுத்தினாய். நான் போயிருந்தால் அந்த அம்மாளின் மொட்டை வாசிப்பை நீ காதிலேயே வாங்காமல், உனக்குள்ளே இருந்ததை வைத்து நடித்திருப்பாய். அது எனக்குத் தெரிந்துதான் இருந்தேன்.

ஒரு சொல்கூட நான் மாற்றவில்லை. ஆனால் உன் கண்ணைப் பார்க்கவில்லை. உன் இடது காதைப் பார்த்தேன். 'அவன் வர மாட்டான்' என்பதற்கு முன்னால் ஒரு மூச்சு நிற்பேனே, அந்த மூச்சில்தானே உனக்கு விஷயம் புரியும், உன் முகம் மாறும். அந்த மூச்சை எடுத்துவிட்டேன். பால்காரனிடம் இன்றைக்குப் பால் வேண்டாம் என்று சொல்கிற மாதிரி சொன்னேன். இரண்டாவது டேக்கில் உனக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது, வந்த நேரத்தில் அடுத்த வசனத்தை அரை நொடி முன்னதாகப் போட்டேன். அது அப்படியே நின்றுவிட்டது. மூன்று டேக்கிலும் உன் கண் என் கண்ணைத் தேடிக்கொண்டே இருந்தது. திரையில் பார்த்தால் வசனம் மறந்தவள் மாதிரிதான் தெரியும். பக்கத்தில் நின்ற யாருக்கும் எதுவும் தெரியவில்லை. இந்தத் தொழிலில் இப்படி ஒன்று செய்யலாம் என்று நடிக்கிறவர்களுக்கு மட்டும்தான் தெரியும்.

திட்டம் போட்டுச் செய்யவில்லை என்று இங்கே ஒரு வரி எழுதி அடித்திருக்கிறேன் பார். திட்டம் போட்டுத்தான் செய்தேன். முந்தின ராத்திரி படுக்கையில் நினைத்தேன், காலையில் பல் தேய்க்கும்போதும் நினைத்தேன்.

டைரக்டர், 'போதும், டெல்லா மூஞ்சியிலயே ஓட்டிக்கலாம், கெளம்புங்க' என்றார். வெட்டி ஒட்டுகிற அறையில் நடந்தது என்று போன கடிதத்தில் எழுதினேன் அல்லவா, அந்தப் பழியைப் பாவம் யாரோ ஒரு மனுஷன் தலையில் போட்டேன். அது அங்கே நடக்கவில்லை. நான் உட்கார்ந்திருந்த மரப்பெட்டியில் நடந்தது.

காரில் வரும்போது நீ என்ன சொன்னாய் என்று உனக்கு ஞாபகம் இருக்கிறதோ என்னவோ. 'நான்தான் சொதப்பிட்டேன் டெல்லா. நீ பாவம், எனக்காக அவ்வளவு நேரம் உக்காந்திருந்த' என்றாய். நான், 'அதெல்லாம் ஒண்ணுமில்ல, நல்லாத்தான் பண்ண' என்றேன். வீட்டுக்கு வந்து எனக்கு டப்பா சூப் சூடாக்கிக் கொடுத்தாய். குடித்தேன். மூன்றாம் வாரம் மிஸ் ஆபி வேடம் எனக்கு வந்தது. நீ ஓடிப்போய்க் கேக் வாங்கி வந்தாய். அதையும் தின்றேன். அதன் பிறகு உன்னை யாரும் கூப்பிடவில்லை. க்ளோசப்பில் இந்தப் பெண்ணுக்கு ஒன்றும் வராது என்று அந்த ஸ்டுடியோவில் பேச்சாகிவிட்டது. அதை யார் சொன்னார்கள் என்று நீ என்னைக் கேட்டாய். தெரியாது என்றேன். எனக்குத் தெரியும், டைரக்டர்தான். நான் ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் உனக்கு இன்னொரு வாய்ப்புக் கொடுத்திருப்பார், மோசமான மனுஷன் இல்லை. அந்த டிசம்பரில் உன்னைப் பஸ் ஏற்றிவிட வந்தபோது எனக்கு நிம்மதியாக இருந்தது. எழுதவே கூசுகிறது, ஆனால் நிம்மதியாகத்தான் இருந்தது.

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன், இதுதான் எல்லாவற்றையும்விட அசிங்கம். அன்றிலிருந்து நான் யாருடைய க்ளோசப்புக்கும் உட்காராமல் போனதில்லை. எட்டு மணியானாலும் உட்காருவேன், கண்ணைப் பார்த்துக் கொடுப்பேன், அழ வேண்டுமானால் அழுவேன். அதற்கும் எனக்கு நல்ல பெயர்தான் கிடைத்தது. போன வருஷம் ஒரு பையன் மேக்கப் அறையில் எல்லோர் முன்னாலும், 'டெல்லா மாதிரி ஒருத்தி இந்த ஊர்லயே கிடையாது' என்றான். எல்லோரும் கை தட்டினார்கள். நான் குளியலறைக்குப் போய்த் தண்ணீரைத் திறந்துவிட்டு, தட்டல் நிற்கும்வரை உள்ளேயே நின்றேன். இப்போது நீயும் நாற்பது பேரைக் கூட்டி வைத்துக்கொண்டு தட்டச் சொல்லப் போகிறாய்.

நீ இங்கே இருந்திருந்தால் பெரிய நட்சத்திரமாகியிருப்பாய் என்றெல்லாம் சொல்ல எனக்குத் தெரியாது. ஒருவேளை நீயும் தலைவலி மாத்திரைக்கு முகம் சுளித்துக்கொண்டிருப்பாய். உனக்கு மிலோ கிடைத்தார், மூன்று பிள்ளைகள், உன்னைப் பார்த்ததும் பெயர் சொல்லிக் கூப்பிடுகிற ஊர். இதையெல்லாம் பல வருஷமாக எனக்கு நானே சொல்லிக்கொண்டுதான் தூங்கினேன். நல்லதாகத்தானே முடிந்தது என்று. அது உன் சாமர்த்தியம் ரீனி, என் தயவு இல்லை. உனக்கு நடிக்க வராது என்று நீ பதினோரு வருஷமாக நம்பிக்கொண்டிருக்கிறாய். ஒவ்வொரு கடிதத்திலும் அதை ஒரு ஜோக்காக எழுதுகிறாய். நானும் ஒவ்வொரு பதிலிலும் சிரித்து எழுதினேன்.

மன்னித்துவிடு என்று கேட்க வரவில்லை. கேட்டால் உடனே மன்னித்துவிடுவாய், உன்னை எனக்குத் தெரியும். அது வேண்டாம். கொஞ்ச நாள் கோபமாக இரு. மிலோவிடம் சொல், அவர் என்னை என்ன வேண்டுமானாலும் திட்டட்டும். ஃபாதர் நோவாக்கிடம் என்ன சொல்வாயோ அது உன் இஷ்டம். என் பெயரை எடுக்காமல் விட்டாலும் சரி, நடந்ததை அப்படியே எழுந்து சொன்னாலும் சரி. நான் நல்லவள் என்று மட்டும் சொல்லாதே.

ஆனால் படத்தை நிறுத்தாதே. நிறுத்து என்று போன கடிதத்தில் கெஞ்சியது உனக்காக இல்லை, எனக்காக. வியாழக்கிழமை நாற்பது நாற்காலியையும் போட்டு எல்லோரையும் உட்கார வை. பிள்ளைகளை முன்னால் உட்கார வை. அந்தக் காட்சியில் என் முகம் இரண்டரை நிமிஷம் பெரிதாக நிற்கும். இந்த ஊர் எனக்கு மூன்று வருஷம் சோறு போட்டது அந்த முகத்துக்காக. நான் அதில் ஒன்றும் செய்யவில்லை ரீனி. கேமராவுக்குப் பக்கத்தில் மூக்கு சிவந்து ஒருத்தி அழுதுகொண்டிருந்தாள், நான் அவளைப் பார்த்துக்கொண்டிருந்தேன், அவ்வளவுதான். பின்னால் கேட்கிற குரல் உன் மூன்று மணிக் குரல், கேமரா உன்னைப் பார்க்காதபோது நீ கொடுத்தது. அதை அவர்கள் வெட்டவில்லை. அந்தக் காட்சி வரும்போது உன் பிள்ளைகளிடம் சொல்: அந்தப் பொம்பளை பார்த்து அழுவது தங்கள் அம்மாவை என்று அவர்கள் தெரிந்துகொள்ளட்டும்.

நீயும் உன் வீட்டாரும் நன்றாயிருக்க வேண்டும்.

டெல்லா ரோர்க்